எடுத்தவர்களும் காத்தவர்களும்
வரலாற்றைப் படச்சுருளில் பதித்த இரண்டு தமிழ் நிறுவனங்களின் கதை

நாமகிரிப்பேட்டை என்ற பெயரை வெளியூரில் சொன்னால் இரண்டு பதில்கள் வரும். வியாபாரிகள் மஞ்சளைச் சொல்வார்கள். விரலி, உருண்டை, பனங்காளி என்று வகை பிரித்து, செவ்வாய்க்கிழமை ஏலத்தின் விலையையும் சேர்த்துச் சொல்வார்கள். மற்றவர்கள் நாதஸ்வரத்தைச் சொல்வார்கள். 1924இல் பிறந்து 2001இல் மறைந்த நாமகிரிப்பேட்டை கிருஷ்ணன் இந்த ஊரின் பெயரைத் தன் பெயருக்கு முன்னால் சுமந்துகொண்டு உலகம் சுற்றியவர். 1981இல் பத்மஸ்ரீ பெற்றவர். திருமலை திருப்பதி தேவஸ்தானத்தின் ஆஸ்தான வித்வானாக விளங்கியவர். அவர் மறைந்து ஆண்டுகள் பல ஆகிவிட்டன. ஆனாலும் கல்யாண மண்டபங்களில் விடியற்காலையில் அவர் வாசிப்பு இன்றும் ஒலிக்கிறது. காரணம் எளிமையானது. யாரோ ஒருவர் உரிய காலத்தில் அதை ஒலிப்பதிவு செய்தார். வேறு யாரோ ஒருவர் அந்தப் பதிவைக் கெடாமல் காத்தார்.

இந்த இரண்டு பேரும் இல்லாவிட்டால் எவ்வளவு பெரிய கலையும் கேட்டவர்களோடு மறைந்துவிடும். ஆவணப்பட விழாவுக்காக வெளிவரும் இந்த மலருக்குக் கட்டுரை கேட்டபோது, எழுத வேண்டும் என்று எனக்குத் தோன்றியது இதைப் பற்றித்தான். நம் நாட்டு வரலாற்றைப் படமாக்குவதற்காகவே தமிழர்கள் தொடங்கிய இரண்டு நிறுவனங்கள் உண்டு. ஒன்று ஏ.கே. செட்டியாரின் டாக்குமெண்டரி பிலிம்ஸ் லிமிடெட். மற்றொன்று எஸ். கிருஷ்ணசாமியின் கிருஷ்ணசாமி அசோசியேட்ஸ். எடுப்பது பாதி வேலை, காப்பது மறுபாதி என்பதை இந்த இரண்டின் கதையும் நமக்குச் சொல்லித் தருகிறது.

அடுத்தடுத்த இரண்டு நாட்கள்

1937ஆம் ஆண்டு அக்டோபர் 1ஆம் தேதி நம் பகுதிக்கு மறக்க முடியாத நாள். அன்று நாமகிரிப்பேட்டை சேலம் மாவட்டத்தில் இருந்தது. நாமக்கல் தனி மாவட்டமானது 1997இல்தான். சென்னை மாகாணத்தின் பிரதமராக இருந்த ராஜாஜி, மதுவிலக்கை முதன்முதலாக நடைமுறைப்படுத்தத் தேர்ந்தெடுத்தது நம் சேலம் மாவட்டத்தை. அந்த அக்டோபர் 1ஆம் தேதி மாவட்டம் முழுவதும் கள்ளுக்கடைகளும் சாராயக்கடைகளும் மூடப்பட்டன. அதற்கு வித்திட்ட இடமும் நமக்கு அருகில்தான் இருக்கிறது. திருச்செங்கோட்டை அடுத்த புதுப்பாளையத்தில் 1925இல் ராஜாஜி நிறுவிய காந்தி ஆசிரமம் அது. மதுவிலக்கைப் பரப்ப அவர் நடத்திய 'விமோசனம்' இதழ் அங்கிருந்துதான் வெளிவந்தது. அதில் துணையாசிரியராக இருந்தவர் எழுத்தாளர் கல்கி.

மறுநாள் அக்டோபர் 2, காந்தியடிகளின் பிறந்தநாள். நியூயார்க்கிலிருந்து டப்ளின் நோக்கிச் சென்றுகொண்டிருந்த 'சமாரியா' என்ற கப்பலில் ஒரு தமிழ் இளைஞர் பயணம் செய்துகொண்டிருந்தார். கோட்டையூரில் 1911இல் பிறந்த அ. கருப்பன் செட்டியார். ஏ.கே. செட்டியார் என்று தமிழுலகம் அறிந்தவர். ரங்கூனில் 'தனவணிகன்' இதழின் ஆசிரியராக இருந்துவிட்டு, ஜப்பானில் டோக்கியோவிலும் பிறகு நியூயார்க்கிலும் ஒளிப்படக் கலை பயின்றவர். அட்லாண்டிக் நடுவே, அந்தப் பிறந்தநாளில் அவருக்கு ஓர் எண்ணம் பிறந்தது. காந்தியடிகளின் வாழ்க்கையை ஆவணப்படமாக எடுக்க வேண்டும். அப்போது அவருக்கு 26 வயதுகூட நிறையவில்லை.

சேலம் மாவட்டத்தில் காந்தியத்தின் ஒரு கொள்கை நடைமுறைக்கு வந்த மறுநாளே, அந்தக் காந்தியடிகளைப் படச்சுருளில் நிலைநிறுத்தும் எண்ணம் ஒரு தமிழருக்கு நடுக்கடலில் உதித்தது. ஒன்றோடொன்று தொடர்பில்லாத நிகழ்ச்சிகள் இவை. ஆனாலும் இந்தத் தேதிகளை அடுத்தடுத்து எழுதும்போது நம் ஊர்க்காரர்களுக்கு ஒரு சிலிர்ப்பு உண்டாவது இயல்பு.

டாக்குமெண்டரி பிலிம்ஸ் லிமிடெட்

அந்த நாளில் ஆவணப்படம் என்ற சொல்லே தமிழில் புழங்கவில்லை. பேசும் படம் வந்து ஆறு ஆண்டுகள்தான் ஆகியிருந்தன. பாட்டும் புராணமும் இல்லாத படத்துக்குப் பணம் போட யார் வருவார்கள்? செட்டியார் தயங்கவில்லை. ஊர் திரும்பி, அந்த ஒரு நோக்கத்துக்காகவே டாக்குமெண்டரி பிலிம்ஸ் லிமிடெட் என்ற நிறுவனத்தைத் தொடங்கினார். நிறுவனத்தின் பெயரிலேயே நோக்கத்தை எழுதிவைத்த துணிவு அது.

அவருக்கு முன்னால் இருந்த வேலை சாதாரணமானது அல்ல. காந்தியடிகள் அப்போதே அறுபத்தெட்டு வயதைக் கடந்துகொண்டிருந்தார். தென்னாப்பிரிக்கா, உப்புச் சத்தியாக்கிரகம், 1931ஆம் ஆண்டின் வட்டமேசை மாநாடு எல்லாம் நடந்து முடிந்தவை. அவற்றைத் திரும்ப நடத்திப் படம் எடுக்க முடியாது. வெவ்வேறு காலத்தில், வெவ்வேறு நாட்டுச் செய்திப்பட நிறுவனங்களுக்காக யார் யாரோ எடுத்த துண்டுச் சுருள்களைத் தேடித் திரட்டினால்தான் உண்டு. செட்டியார் அந்தத் தேடலில் இறங்கினார். இங்கிலாந்து, தென்னாப்பிரிக்கா என்று அலைந்தார். இந்தப் படத்துக்காக அவர் செய்த பயணத்தின் தொலைவு ஒரு லட்சம் மைல். பூமியை நான்கு முறை சுற்றிவரும் தூரம் அது. பெரும்பகுதி கப்பலிலும் ரயிலிலும்.

அப்படித் திரட்டிய படச்சுருள் 50,000 அடி. முப்பது ஆண்டுக் காலத்தில் நூற்றுக்கும் மேற்பட்ட ஒளிப்பதிவாளர்கள் எடுத்தவை அவை. சினிமாச் சுருளின் கணக்கு தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். திரையில் 1,000 அடி ஓட ஏறத்தாழ பதினொரு நிமிடம் ஆகும். 50,000 அடி என்றால் ஒன்பது மணி நேரத்துக்கு மேல். அதிலிருந்து தேர்ந்தெடுத்து, ஒட்டி, தமிழில் விளக்கவுரை சேர்த்து, சுமார் 12,000 அடிப் படமாக்கினார். புதிதாக எடுக்க வேண்டிய காட்சிகளுக்கு, பாரிஸில் பயின்ற ஒளிப்பதிவாளர் பி.வி. பதி துணை நின்றார். பின்னாளில் இந்திய ஆவணப்பட முன்னோடிகளில் ஒருவராகப் போற்றப்பட்டவர் அவர்.

1940ஆம் ஆண்டு ஆகஸ்ட் 23ஆம் தேதி சென்னையில் படம் வெளியானது. காந்தியடிகளைப் பற்றிய முதல் முழுநீள ஆவணப்படம் தமிழ்ப் பேசியது. செட்டியாருக்கு அப்போது 29 வயது நிறையவில்லை. பிறகு தெலுங்கு விளக்கவுரையோடும் வந்தது. இரண்டாம் உலகப் போர் நடந்துகொண்டிருந்த காலம், வெள்ளையர் ஆட்சி, அடுத்து 1942இன் ஆகஸ்ட் போராட்டம். பறிமுதலுக்கு அஞ்சிப் படத்தை மறைத்து வைக்க வேண்டியிருந்தது. 1947 ஆகஸ்டில் நாடு விடுதலை பெறும் வேளையில் இந்தி விளக்கவுரையோடு டெல்லியில் அது மறுபடி திரை கண்டது. 1953இல் ஹாலிவுட்டில் சுருக்கிச் செம்மையாக்கிய ஆங்கில வடிவம் அமெரிக்காவில் வெளியானது.

இத்தனையும் செய்தவர் தன்னை முன்னிறுத்திக்கொள்ளாதவர். 1943இல் தொடங்கி 1983இல் மறையும் வரை 'குமரி மலர்' என்ற இதழை நடத்தினார். மறந்துபோன பழைய கட்டுரைகளையும் ஆவணங்களையும் தேடி எடுத்து அதில் மறுபதிப்புச் செய்தார். தமிழர்கள் எழுதிய பயணக் கட்டுரைகளைத் தொகுத்தார். காந்திப் படம் எடுத்த கதையை அவர் எழுதியது 'அண்ணல் அடிச்சுவட்டில்' என்ற நூலாக, வரலாற்றறிஞர் ஆ. இரா. வேங்கடாசலபதியின் பதிப்பில் நமக்குக் கிடைக்கிறது. படத்திலும் இதழிலும் செட்டியார் செய்தது ஒரே பணி. சிதறிக் கிடப்பதைத் தேடு, சேர், அடுத்தவர் கையில் கொடு.

தொலைந்த மூலம்

இனி சொல்லப்போவது வேதனையானது. ஒரு லட்சம் மைல் அலைந்து எடுத்த அந்தப் படத்தின் தமிழ் மூலம் இன்று நம்மிடம் இல்லை. பலர் பல காலம் தேடினார்கள். வேங்கடாசலபதியின் நெடிய தேடலின் பயனாக, அமெரிக்காவில் சான் பிரான்சிஸ்கோ மாநிலப் பல்கலைக்கழகத்தில் ஆங்கிலச் சுருக்க வடிவத்தின் பிரதி இருப்பது தெரியவந்தது. தமிழர் எடுத்த, தமிழ் பேசிய படத்தை நாம் காண வேண்டுமானால் கடல் கடந்து கிடைத்த ஆங்கிலப் பிரதியைத்தான் நம்ப வேண்டியிருக்கிறது.

ஏன் இப்படி ஆயிற்று? அந்தக் காலத்துப் படச்சுருள் நைட்ரேட்டால் ஆனது. எளிதில் தீப்பிடிக்கும். குளிர்ந்த, ஈரமில்லாத அறையில் வைக்காவிட்டால் பிசுபிசுத்து, ஒட்டிக்கொண்டு, கடைசியில் பொடியாகிவிடும். நம் ஊர் வெயிலுக்கும் மழைக்கால ஈரத்துக்கும் அது தாங்காது. தப்பிய சுருள்களில் பலவும் அதிலிருக்கும் வெள்ளிக்காக உருக்கப்பட்டன. படம் ஓடி முடிந்த பிறகு பெட்டிக்கு வாடகை கொடுத்துக் காப்பது வீண் செலவு என்றே பலரும் கருதினார்கள். பூனாவில் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் தொடங்கப்பட்டது 1964இல். அதற்குள் போனது போய்விட்டது.

இந்த இழப்பு நம் சேலத்துக்கும் புதிதல்ல. திருச்செங்கோட்டைச் சேர்ந்த டி.ஆர். சுந்தரம் ஏற்காடு சாலையில் நிறுவிய மாடர்ன் தியேட்டர்ஸ், தமிழின் முதல் வண்ணப்படமான 'அலிபாபாவும் 40 திருடர்களும்' உட்பட நூற்றுக்கும் மேற்பட்ட படங்களை எடுத்தது. மலையாளத்தின் முதல் பேசும் படமான 'பாலன்' 1938இல் உருவானதும் அங்கேதான். அந்தப் படத்தின் பிரதி இன்று இல்லை. ஸ்டூடியோவும் இல்லை. ஏற்காடு மலைக்குப் போகிறவர்கள் வண்டியை நிறுத்திப் பார்த்துவிட்டுப் போகும் நுழைவாயில் வளைவு மட்டும் நிற்கிறது.

நியூஸ் ரீல் காலம்

தனியொருவரின் நிறுவனத்தால் முடியாததை அரசு செய்ய முனைந்தது. 1948இல் பம்பாயைத் தலைமையிடமாகக் கொண்டு பிலிம்ஸ் டிவிஷன் தொடங்கப்பட்டது. அங்கே எடுக்கும் செய்திப்படத்தையோ ஆவணப்படத்தையோ ஒவ்வொரு கொட்டகையும் முக்கியப் படத்துக்கு முன்னால் திரையிட வேண்டும் என்பது அன்றைய விதி. ஊருக்கு வெளியே டூரிங் டாக்கீஸில் மணலைக் குவித்து உட்கார்ந்து படம் பார்த்த மூத்தவர்களுக்கு அந்த 'நியூஸ் ரீல்' நினைவிருக்கும். நியூஸ் ரீல் முடியட்டும் என்று வெளியே சோடாக் கடையில் நின்றவர்கள் பலர். உள்ளே உட்கார்ந்திருந்தவர்கள் பக்ரா நங்கல் அணையையும் அஜந்தா ஓவியத்தையும் வெள்ளத்தில் மிதந்த அஸ்ஸாமையும் பார்த்தார்கள். ஊர் எல்லையைத் தாண்டாத உழவர்களுக்கும் நாடு எவ்வளவு பெரிது என்று காட்டியது அந்தப் பத்து நிமிடம்தான். 2022இல் பிலிம்ஸ் டிவிஷன் தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகத்தோடு இணைக்கப்பட்டது. அரசுக் காப்பறையில் இருந்ததால் அதன் படங்களில் பெரும்பகுதி பிழைத்திருக்கிறது.

கிருஷ்ணசாமி அசோசியேட்ஸ்

இரண்டாவது நிறுவனத்தின் கதை ஒரு சினிமாக் குடும்பத்தில் தொடங்குகிறது. 'பாலயோகினி', 'சேவாசதனம்', 'தியாகபூமி' ஆகிய படங்களைத் தந்த இயக்குநர் கே. சுப்ரமணியத்தைத் தமிழ்நாடு அறியும். கல்கியின் கதையில் எடுத்த 'தியாகபூமி' விடுதலைப் போராட்டத்தின் பக்கம் நின்றதால் வெள்ளையர் அரசு அதைத் தடை செய்தது. அவருடைய மகன் எஸ். கிருஷ்ணசாமி. மகள், நாட்டியக் கலைஞரும் ஆய்வாளருமான பத்மா சுப்ரமணியம்.

கிருஷ்ணசாமி அமெரிக்காவில் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் பயின்றார். அங்கே பேராசிரியராக இருந்த எரிக் பார்னோவுடன் சேர்ந்து இந்திய சினிமாவின் வரலாற்றை ஆங்கிலத்தில் எழுதினார். 1963இல் வெளிவந்த அந்த நூல் இந்திய சினிமா பற்றிய அடிப்படை நூல்களில் ஒன்று. அதே 1963இல் அவர் சென்னையில் கிருஷ்ணசாமி அசோசியேட்ஸைத் தொடங்கினார். மனைவி மோகனா கிருஷ்ணசாமியும் இந்தப் பணியில் தோள்கொடுத்தார். கதைப்படக் குடும்பத்தின் பிள்ளை கதைப்படத்துக்குப் போகவில்லை. ஆவணப்படத்தையே தொழிலாகவும் வாழ்வாகவும் ஏற்றுக்கொண்டார். கோடம்பாக்கத்தின் பணமும் புகழும் கைக்கெட்டும் தூரத்தில் இருந்தபோது எடுத்த முடிவு அது என்பதை மறக்கக் கூடாது.

1970இல் அவர் முடித்த பெரும்பணி 'இண்டஸ் வேலி டு இந்திரா காந்தி'. சிந்துவெளி நாகரிகத்திலிருந்து இந்திரா காந்தியின் ஆட்சிக்காலம் வரை, ஐயாயிரம் ஆண்டு இந்திய வரலாற்றை இரண்டு பாகங்களாக, நான்கு மணி நேரத்தில் சொன்ன ஆவணப்படம். அதை வார்னர் பிரதர்ஸ் நிறுவனம் உலக நாடுகளுக்குக் கொண்டுசென்றது.

இங்கே இரண்டு நிறுவனங்களின் வேலை முறையையும் ஒப்பிட்டுப் பார்க்க வேண்டும். செட்டியாருக்கு அவர் தேடிய காட்சிகள் உலகில் எங்கோ படச்சுருளில் இருந்தன. கிருஷ்ணசாமிக்கு அந்த வசதி இல்லை. மொகஞ்சதாரோவில் கேமரா இல்லை. அசோகரின் முகம் எப்படி இருந்தது என்று காட்ட ஒரு புகைப்படமும் கிடையாது. அப்படிப்பட்ட காலத்தைப் படமாக்க நினைப்பவருக்குக் கல்லும் செம்பும் சுண்ணாம்புச் சுவரும்தான் துணை. முத்திரையில் செதுக்கிய திமிலுள்ள காளை, பாறையில் வெட்டிய பிராமி எழுத்து, குகைச் சுவரின் ஓவியம், தஞ்சைக் கோயிலின் அதிட்டானம் நிறைய ஓடும் கல்வெட்டு, உள்ளங்கையில் அடங்கும் நாணயம் ஆகியவற்றை நடிகர்களைப் போலப் பேசவைக்க வேண்டும். ஒளி எந்தப் பக்கத்திலிருந்து விழுந்தால் தேய்ந்த எழுத்து தெரியும், எந்த நேரத்து வெயிலில் சிற்பத்தின் கண் திறக்கும் என்றெல்லாம் காத்திருக்க வேண்டும். தொல்லியல் அறிஞர் சொல்வதைக் கூட்டாமல் குறைக்காமல், பள்ளிக்கூடப் பையனுக்கும் புரியும்படி சொல்ல வேண்டும். ஒரு சொல் தவறினாலும் அறிஞர்கள் மன்னிக்க மாட்டார்கள். ஒரு காட்சி நீண்டாலும் பார்வையாளர்கள் எழுந்து போய்விடுவார்கள். இந்த இரண்டு கரைகளுக்கும் நடுவே நான்கு மணி நேரம் படகு செலுத்தியது பெரிய சாதனை.

பிறகு அவர் பார்வை கடல் கடந்து சென்றது. தென்கிழக்கு ஆசிய நாடுகளில் இந்தியப் பண்பாடு பதித்த தடங்களைத் தேடி 'இந்தியன் இம்ப்ரிண்ட்ஸ்' என்ற பதினெட்டுப் பகுதித் தொடரை எடுத்தார். தூர்தர்ஷன் அதை ஒளிபரப்பியது. கம்போடியாவின் அங்கோர்வாட்டும் ஜாவாவின் பிராம்பனானும் வியட்நாமின் சம்பா நாட்டுக் கோயில்களும் நிற்கும் அந்த நிலப்பரப்பு தமிழர்களுக்கு அந்நியமானது அல்ல. நம் வணிகர்களும் சிற்பிகளும் அந்தணர்களும் கப்பலேறிப் போன திசை அது. போர் தொடுத்துக் கைப்பற்றாமல், மொழியாலும் கலையாலும் வழிபாட்டாலும் வேர்விட்ட உறவைக் கேமராவில் காட்டுவது பெரும்பணி. 2009இல் இந்திய அரசு அவருக்குப் பத்மஸ்ரீ வழங்கியது.

ஒரு தனிமனிதரின் விருப்பமாகத் தொடங்கிய வேலை நிறுவனமாக நிலைத்ததால் என்ன நன்மை? எடுத்த படம் எங்கே இருக்கிறது என்று கேட்டால் பதில் சொல்ல ஒரு முகவரி இருக்கும். பழைய சுருளைப் புதிய வடிவத்துக்கு மாற்ற ஓர் ஆள் இருப்பார். ஒரு படத்துக்குத் திரட்டிய காட்சி அடுத்த படத்துக்குப் பயன்படும். செட்டியாரின் நிறுவனம் ஒரே ஒரு படத்துக்காகப் பிறந்தது. படம் முடிந்தபின் அதைச் சுமக்க அந்தப் பெயர் நிலைக்கவில்லை. இரண்டு நிறுவனங்களுக்கும் உள்ள வேறுபாடு இதுதான். திறமையிலோ தியாகத்திலோ குறைவு எதுவும் இல்லை.

கருங்கடல் கரையிலிருந்து ஒரு பாடம்

படத்தைப் போலவே, படமாக்க வேண்டிய பொருளையும் காக்க வேண்டும். இதற்கு உலகின் மறுபக்கத்தில் ஒரு சிறிய நாட்டைப் பார்ப்போம். கருங்கடல் கரையில் இருக்கும் பல்கேரியாவின் பரப்பு தமிழ்நாட்டை விடக் குறைவு. ஆனால் தொல்பொருளைக் காப்பதில் அந்நாட்டு மக்களிடம் நாம் கற்க வேண்டியது உண்டு. காரணம், அவர்கள் மண்ணுக்குள் இருப்பதை மதிக்கத் தெரிந்தவர்கள்.

1949 டிசம்பரில் பனகியூரிஷ்டே என்ற ஊரில் ஓட்டுத் தொழிற்சாலைக்காகக் களிமண் வெட்டிக்கொண்டிருந்த மூன்று சகோதரர்களின் மண்வெட்டியில் பளபளப்பான பொருள்கள் தட்டுப்பட்டன. ஒன்பது தங்கப் பாத்திரங்கள், ஆறு கிலோவுக்கு மேல் எடை. இரண்டாயிரத்து முந்நூறு ஆண்டுகளுக்கு முந்தைய திரேசிய மன்னர் காலத்தவை. இன்று அந்நாட்டின் பெருமையே அவைதான். 1972இல் வர்ணா நகருக்கு அருகே மண் தோண்டும் இயந்திரத்தை ஓட்டிய ஓர் இளைஞரின் கண்ணில் சில மஞ்சள் துண்டுகள் பட்டன. அகழ்ந்தபோது 290க்கும் மேற்பட்ட புதைகுழிகள் வெளிப்பட்டன. ஆறாயிரம் ஆண்டுகளுக்கும் முற்பட்ட அந்தத் தங்கம், மனிதன் வடித்த மிகப் பழைய தங்க அணிகளில் சேரும். கசன்லாக் நகரில் 1944இல் கிடைத்த திரேசியக் கல்லறையின் ஓவியங்களைப் பார்க்க வருவோரின் மூச்சுக்காற்றாலும் சேதம் வரலாம் என்று, அருகிலேயே அச்சு அசலாக ஒரு மாதிரிக் கல்லறை கட்டி அதைத்தான் மக்களுக்குக் காட்டுகிறார்கள். ஆண்டுதோறும் மே 24ஆம் தேதி தங்கள் எழுத்துக்காகவே விடுமுறை விட்டு ஊர்வலம் போகும் மக்கள் அவர்கள்.

களிமண் வெட்டியவர்களும் இயந்திரம் ஓட்டியவரும் தொல்லியல் படித்தவர்கள் அல்லர். கண்டதை மறைக்காமல் உரியவர்களிடம் சேர்த்தவர்கள். வரலாற்றுப் படத்தின் முதல் காட்சி அப்படிப்பட்ட ஓர் உழைப்பாளியின் நேர்மையில்தான் தொடங்குகிறது.

நம் காலடியில் இருப்பவை

இப்போது நம் ஊருக்குத் திரும்புவோம். நாமகிரிப்பேட்டையிலிருந்து பேருந்தில் போய்வரும் தூரத்தில் எத்தனை படங்கள் காத்துக்கிடக்கின்றன!

நாமக்கல் மலையின் மேற்கே நரசிம்மர் குடைவரை, கிழக்கே அரங்கநாதர் குடைவரை. அதியமான் மரபினர் 8ஆம் நூற்றாண்டில் குடைந்தவை. அரங்கநாதர் குடைவரையை 'அதியேந்திர விஷ்ணுகிருகம்' என்று அங்குள்ள கிரந்தக் கல்வெட்டு குறிக்கிறது. நரசிம்மர், வராகர், திரிவிக்கிரமர் சிற்பங்களைக் காலை வெயிலிலும் மாலை வெயிலிலும் பார்த்தவர்களுக்குத் தெரியும், ஒரே பாறை இரண்டு வேளையிலும் வேறு வேறு கதை சொல்லும். சங்கப் புலவர்கள் பாடிய வல்வில் ஓரியின் கொல்லிமலை நம் கண்ணெதிரே எழுந்து நிற்கிறது. அதன்மேல் அறப்பளீஸ்வரர் கோயில் இருக்கிறது. 1863இல் பல்லாவரத்தில் கற்காலக் கருவியைக் கண்டெடுத்து இந்தியத் தொல்பழங்கால ஆய்வைத் தொடங்கிவைத்த ராபர்ட் புரூஸ் பூட், பிற்காலத்தில் ஏற்காட்டில் வாழ்ந்தவர். சேர்வராயன் மலையில் புதிய கற்காலக் கற்கோடரிகளைச் சேகரித்தவர். அவருடைய நினைவுக் கல் ஏற்காட்டின் ஹோலி டிரினிட்டி தேவாலய வளாகத்தில் இருக்கிறது.

அரசர்களும் குடைவரைகளும் மட்டும் வரலாறு ஆகிவிடாது. மஞ்சளை வேகவைத்து, களத்தில் உலர்த்தி, மெருகேற்றி மூட்டையாக்கும் வேலை முறை நம் கண் முன்னே மாறிவிட்டது. அடுப்பில் கொப்பரை வைத்து வேகவைத்த காலத்தைப் பார்த்தவர்கள் இப்போது முதியவர்கள். இன்று நீராவிக் கொதிகலன் வந்துவிட்டது. பழைய முறையைச் செய்து காட்டத் தெரிந்த கைகள் இன்னும் சில ஆண்டுகளுக்குத்தான் இருக்கும். நாதஸ்வரத்துக்குச் சீவாளி கட்டுவது, தவிலுக்கு மூட்டு அடைப்பது, தறியில் பாவு ஏற்றுவது எல்லாமே அப்படித்தான். சிந்துவெளிக்குக் கேமரா இல்லை என்று கிருஷ்ணசாமி கல்லிடம் போக வேண்டியிருந்தது. நம் ஒவ்வொருவர் சட்டைப்பையிலும் இன்று கேமரா இருக்கிறது. பேரப்பிள்ளைகள் நம்மைக் கேட்கும்போது அந்தச் சாக்கு நமக்கு இல்லை.

மலர் வாசகர்களுக்கு

கட்டுரையை முடிக்கும் முன் நம் ஊர் மக்களிடம் சில வேண்டுகோள்கள்.

முதலாவது, வீட்டில் பழைய படச்சுருள், வீடியோ கேசட், இசைத்தட்டு, ஒலிநாடா எது இருந்தாலும் எடைக்குப் போடாதீர்கள். கல்யாண வீடியோ என்று அலட்சியம் வேண்டாம். நாற்பது ஆண்டுகளுக்கு முந்தைய கல்யாண வீடியோவில் அன்றைய தெரு, அன்றைய நகை, அன்றைய நாதஸ்வரக் குழு எல்லாம் இருக்கிறது. கேசட்டின் நாடா பூஞ்சை பிடிப்பதற்குள் கணினிக்கு மாற்றுங்கள். ஒரு பிரதியோடு நிற்க வேண்டாம். மூன்று பிரதிகளை மூன்று இடங்களில் வையுங்கள். செட்டியாரின் படத்துக்கு நேர்ந்த கதி நமக்கு அந்தப் புத்தியைத் தர வேண்டும்.

இரண்டாவது, பெரியவர்கள் பேசுவதைப் பதிவு செய்யுங்கள். பதிவு செய்ததும் அவர்கள் பெயர், ஊர், தேதி, பேசிய பொருள் ஆகியவற்றை எழுதி வையுங்கள். தேதியும் ஊரும் இல்லாத படம் ஐம்பது ஆண்டு கழித்து யாருக்கும் எதையும் சொல்லாது.

மூன்றாவது, உழும்போதோ கிணறு வெட்டும்போதோ பானையோ காசோ சிலையோ கிடைத்தால் மறைக்காதீர்கள், விற்காதீர்கள். 1878ஆம் ஆண்டின் புதையல் சட்டப்படி மாவட்ட ஆட்சியருக்குத் தெரிவிப்பது நம் கடமை. கிடைத்த இடத்தை அப்படியே படம் பிடித்து வைத்துவிட்டு கிராம நிர்வாக அலுவலரிடமோ வட்டாட்சியரிடமோ சொல்லுங்கள். இடம் தெரியாத தொல்பொருள் பாதி ஊமை.

நான்காவது, பள்ளி ஆசிரியர்களுக்கு. ஆண்டுக்கு ஒரு முறை மாணவர்களை நாமக்கல் குடைவரைக்கோ கொல்லிமலைக்கோ புதுப்பாளையம் ஆசிரமத்துக்கோ அழைத்துப் போய், பத்து நிமிடப் படம் ஒன்றை அவர்களே எடுக்கச் செய்யுங்கள். அந்தப் படங்களைப் பள்ளி நூலகத்தில் வரிசை எண் இட்டுச் சேர்த்து வையுங்கள். பத்து ஆண்டுகளில் நம் ஊருக்கென்று ஒரு படக் காப்பகம் தானாகவே உருவாகிவிடும்.

ஏ.கே. செட்டியார் ஒரு லட்சம் மைல் போனார். நாம் நம் தெருவின் கடைக்கோடி வீடு வரை போனால் போதும். அங்கே எண்பது வயதுப் பெரியவர் ஒருவர் திண்ணையில் உட்கார்ந்திருப்பார். இந்த விழா முடிந்து வீடு திரும்பும்போதே அவர் பக்கத்தில் போய் அமருங்கள். செல்பேசியை எடுத்து, பதிவுப் பொத்தானை அழுத்திவிட்டு, "தாத்தா, அந்தக் காலத்துல மஞ்சளை எப்படி வேகவெச்சீங்க?" என்று கேளுங்கள்.